கட்ட முடியாதவரும் கட்ட மனமில்லாதவரும்: ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கு

அசையாச் சொத்து முழுவதும் ஜப்தியில் இருந்தது. அதைப் பார்த்துக்கொள்ள நீதிமன்றமே ஒரு ரிசீவரை நியமித்துவிட்டது என்று கடனாளிகள் தரப்பில் சொல்லப்பட்டது. அவர்களே நினைத்தாலும் ஒரு துண்டு நிலத்தை விற்க முடியாது, அதன் வருமானத்தில் கை வைக்கவும் முடியாது. அந்த நிலையில்தான் அவர்களைப் பிடித்துச் சிவில் சிறையில் வைக்கச் சொல்லி வாரண்ட் பிறந்தது. தேதி 1979 ஜூன் 22. பெட்டியைப் பூட்டிச் சாவியையும் வாங்கி வைத்துக்கொண்டு, உள்ளே இருக்கும் பணத்தை எடுத்துக் கொடு என்று மிரட்டுவதுபோல.

இந்த வாரண்டை எதிர்த்து உச்ச நீதிமன்றம்வரை போனதுதான் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் பேங்க் ஆஃப் கொச்சின் வழக்கு. 1980 பிப்ரவரி 4 அன்று தீர்ப்பு வந்தது. எழுதியவர் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர், உடன் அமர்ந்தவர் நீதிபதி ஆர்.எஸ். பதக். கடனுக்காக ஆளைச் சிறையில் போடலாமா என்ற கேள்வி இந்திய நீதிமன்றங்களில் எங்கே எழுந்தாலும் இன்றும் முதலில் எடுத்து வைக்கப்படுவது இந்தத் தீர்ப்புதான். எடுத்து வைக்கிற அளவுக்கு அதைப் படிக்கிறோமா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. கடனுக்குச் சிறையே கிடையாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டதாகப் பலர் நம்புகிறார்கள். அது அப்படிச் சொல்லவில்லை. சொன்னது வேறு. அதைச் சரியாகப் புரிந்துகொள்ளாததால் கடனாளிகள் தோற்பதைப் பார்த்து வருத்தப்பட்டுத்தான் இதை எழுதுகிறேன்.

வழக்கு வந்த வழி

1972ஆம் ஆண்டின் அசல் வழக்கு எண் 57இல் வங்கிக்கு ஆதரவாக இரண்டரை லட்சம் ரூபாய்க்கு டிக்ரி, அதாவது பணத்தைக் கட்டச் சொல்லும் தீர்ப்பாணை, ஆனது. அதே கடனாளிகள்மேல் இன்னும் இரண்டு பண டிக்ரிகள் இருந்தன. எல்லாம் சேர்ந்து 7 லட்சத்துக்கு மேல். எழுபதுகளின் 7 லட்சம் என்பதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். இவர்கள் கூலிக்காரர்கள் அல்லர், ஒரு காலத்தில் சொத்து இருந்தவர்கள். இதைச் சொல்லக் காரணம் உண்டு, பின்னால் வருகிறேன்.

டிக்ரியை நிறைவேற்றித் தரும் நிறைவேற்று நீதிமன்றம் வாரண்டுக்குச் சொன்ன காரணம் ஒன்றுதான்: இதே டிக்ரியில் முன்பே ஒருமுறை இப்படி வாரண்ட் கொடுத்தாகிவிட்டது. முன்பு கொடுத்தோம், அதனால் இப்போதும் கொடுக்கிறோம், அவ்வளவுதான். இன்றைய தேதியில் இவர்களால் கட்ட முடியுமா, முடிந்தும் வேண்டுமென்றே மறுக்கிறார்களா என்று எந்த விசாரணையும் நடக்கவில்லை. கடனாளிகள் உயர் நீதிமன்றத்துக்குச் சீராய்வு மனுவோடு போனார்கள். சுருக்கமான ஓர் உத்தரவில் அது தள்ளுபடியானது. அப்புறம்தான் உச்ச நீதிமன்றம்.

மேசைக்கு மேசை நகர்ந்த இந்தக் காகிதத்தில் யாரும் கேட்காத கேள்வி, "இன்றைக்கு உன்னிடம் என்ன இருக்கிறது?" என்பது. அந்தக் கேள்வியை யாரும் கேட்கவில்லை என்பதுதான் இந்த வழக்கின் மையம்.

சட்டத்தில் இருந்த கதவு

உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 51ஆவது பிரிவு, பண டிக்ரியை நிறைவேற்றக் கடனாளியைக் கைது செய்து சிறையில் வைக்க அனுமதிக்கிறது. 1936இல் அதற்கு ஒரு வரம்புரையை, அதாவது நிபந்தனை விதிக்கும் ஒரு பகுதியை, சேர்த்தார்கள். பணத்துக்கான டிக்ரியில் ஒருவரைச் சிறைக்கு அனுப்பும் முன் தன் காரணத்தைச் சொல்ல அவருக்கு வாய்ப்புத் தர வேண்டும். வரம்புரை சொல்லும் சூழ்நிலைகளில் ஒன்றாவது இருப்பதாக நீதிமன்றம் திருப்திப்பட வேண்டும். ஏன் திருப்திப்பட்டது என்பதை எழுதியும் வைக்க வேண்டும்.

அந்தச் சூழ்நிலைகள் என்ன? டிக்ரியை நிறைவேற்ற விடாமல் செய்வதற்காகக் கடனாளி ஊரைவிட்டு ஓடக்கூடும் என்பது, அல்லது வழக்குப் போட்ட பிறகு சொத்தை நாணயமில்லாமல் கைமாற்றினார், மறைத்தார் என்பது ஒன்று. நம்பிக்கைப் பொறுப்பில் இருந்தவர் கணக்குக் காட்ட வேண்டிய பணம் என்பது இன்னொன்று. இவை இரண்டிலும் பெரிய சிக்கல் இல்லை. ஏமாற்றினால் சட்டம் கை நீட்டும், அது நியாயமும்கூட.

சிக்கல் நடுவில் இருக்கும் உட்பிரிவில் வருகிறது. டிக்ரி தேதிக்குப் பிறகு, முழுத் தொகையையோ அதில் கணிசமான பகுதியையோ கட்ட வசதி "இருக்கிறது, அல்லது இருந்தது", ஆனால் கட்ட மறுக்கிறார் அல்லது அலட்சியம் செய்கிறார் என்றால் சிறைக்கு அனுப்பலாம் என்கிறது அது. "இருந்தது" என்ற இறந்த காலத்தைக் கவனிக்க வேண்டும். டிக்ரி ஆனபோது ஒருவருக்குத் தொழில் ஓடிக்கொண்டிருந்தது. அடுத்த வருடம் தொழில் படுத்துவிட்டது. இன்று அவரிடம் எதுவும் இல்லை. எழுத்துக்கு எழுத்து படித்தால் இந்த மனிதரையும் உள்ளே தள்ளலாம். ஒரு காலத்தில் வசதியாக இருந்தார் என்பதே இன்றைய வறுமைக்கான தண்டனைக்குக் காரணமாகிவிடும்.

நம் வழக்கின் கடனாளிகள் ஒரு காலத்தில் சொத்து இருந்தவர்கள் என்று மேலே சொன்னது இதனால்தான். சட்டத்தின் வாய் அவர்களை நோக்கித்தான் திறந்திருந்தது.

எழுபத்து மூன்று நாள்

குடிமை மற்றும் அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையை ஐ.நா. பொதுச் சபை 1966 டிசம்பர் 16இல் ஏற்றது. அது நடைமுறைக்கு வந்தது 1976இல். இந்தியா அதில் சேர்ந்தது 1979 ஏப்ரல் 10இல். அதற்கு 73ஆம் நாள்தான் நாம் பார்க்கும் வாரண்ட் பிறந்தது.

உடன்படிக்கையின் 11ஆவது உறுப்பு ஒரே வரிதான். ஓர் ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலவில்லை என்ற காரணத்துக்காக மட்டும் எவரையும் சிறையில் வைக்கக் கூடாது. "இயலவில்லை" என்ற சொல்லையும் "மட்டும்" என்ற சொல்லையும் எடுத்துவிட்டால் இந்த வரிக்கு உயிர் இல்லை. முடியாதவனைத்தான் அது காக்கிறது, முடிந்தும் கொடுக்காதவனை அல்ல.

சரி, இந்தியா சேர்ந்துவிட்டது என்பதால் அந்த வரி நம் நீதிமன்றத்தில் தானாகச் சட்டமாகிவிடுமா? ஆகாது என்று கிருஷ்ணய்யர் தெளிவாகவே சொன்னார். நாடாளுமன்றம் சட்டம் இயற்றாதவரை உடன்படிக்கை அரசின் வாக்குறுதிதான். உள்நாட்டுச் சட்டம் ஒன்றாகவும் உடன்படிக்கை வேறாகவும் இருந்தால் நீதிபதி உள்நாட்டுச் சட்டத்தைத்தான் பின்பற்ற வேண்டும். கேரள உயர் நீதிமன்றம் 1969இலேயே ஒரு வழக்கில் இப்படித்தான் பார்த்திருந்தது.

அங்கேயே நின்றிருந்தால் கடனாளிகள் தோற்றிருப்பார்கள். அவர் வேறு வழியில் வந்தார். அரசியல் சாசனத்தின் 21ஆவது கூறு, சட்டம் வகுத்த நடைமுறைப்படி அல்லாமல் ஒருவரின் சுதந்திரத்தைப் பறிக்கக் கூடாது என்கிறது. அந்த நடைமுறை நியாயமானதாக இருக்க வேண்டும் என்று 1978இல் மேனகா காந்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. நியாயம் எது என்று எப்படி முடிவு செய்வது? உலகம் கூடி ஒப்புக்கொண்ட 11ஆவது உறுப்பு அதற்கு ஓர் அளவுகோல் ஆகிறது. இயலாதவரைச் சிறையில் போடும் நடைமுறை நியாயமற்றது. நியாயமற்றது 21ஆவது கூறில் நிற்காது. ஆகவே 51ஆவது பிரிவின் வரம்புரை அந்தக் கூறின் முன்னால் நிற்க வேண்டுமானால், அதை இயலாதவரைத் தொடாத விதத்தில்தான் படிக்க வேண்டும்.

உடன்படிக்கையைச் சட்டமாக்காமலே அதன் சாரத்தைச் சட்டத்துக்குள் கொண்டுவந்துவிட்டார். பின்னாளில், 1997இல், பணியிடப் பாலியல் துன்புறுத்தல் குறித்த விசாகா தீர்ப்பில் சர்வதேச உடன்படிக்கைகளை இன்னும் துணிச்சலாகப் பயன்படுத்தினார்கள். அந்தப் பாதையில் முதலில் நடந்தவர்களில் ஒருவர் இந்தக் கடன் வழக்கின் நீதிபதி. அவர் 1948இல் சிறைக்குள் இருந்து பார்த்தவர், 1957இன் கேரள அமைச்சரவையில் சிறைத் துறையையும் கவனித்தவர் என்பதை இங்கே சொல்லாமல் இருக்க முடியவில்லை. உடன் இருந்த பதக் பிற்காலத்தில் இந்தியத் தலைமை நீதிபதியாகி, அப்புறம் ஹேக் சர்வதேச நீதிமன்றத்திலும் அமர்ந்தார்.

தீர்ப்பின் நெஞ்சு

கட்டவில்லை என்பது மட்டும் போதாது. அதற்குப் பின்னால் கெட்ட எண்ணம் இருக்க வேண்டும். வெறும் அசட்டையைத் தாண்டிய, வேண்டுமென்றே ஏய்க்கும் போக்கு இருந்திருக்க வேண்டும். அல்லது, டிக்ரித் தொகையையோ அதில் பெரும் பகுதியையோ கட்ட இன்றே வசதி இருக்க வேண்டும். "இருந்தது" என்ற அந்த இறந்த காலச் சொல்லுக்குத் தீர்ப்பு போட்ட கடிவாளம் இது. முன்பு வசதி இருந்ததைக் காட்டினால் போதாது. அப்போது அவர் நாணயமில்லாமல் ஏய்த்தாரா என்பதையும் காட்ட வேண்டும்.

அடுத்த படிதான் எனக்கு மிகவும் முக்கியமாகப் படுகிறது. கையில் பணம் இருந்தாலும், அந்தப் பணத்தின்மேல் இதைவிட அவசரமான உரிமைகள் இருக்கலாம் என்கிறது தீர்ப்பு. புற்றுநோய் போன்ற கடும் நோய்க்கான மருத்துவச் செலவையே அது உதாரணமாகச் சொல்கிறது. மனைவியின் சிகிச்சைக்கு வைத்திருக்கும் பணத்தை வங்கிக்குத் தரவில்லை என்பதற்காக ஒருவர் நாணயமற்றவர் ஆகிவிட மாட்டார். தரித்திர நாராயணர்களின் இந்த நாட்டில் ஏழையாய் இருப்பது குற்றமல்ல என்றும் எழுதினார். வசூலுக்காகச் சிறை என்ற முறை, வசதி இருந்தும் வேண்டுமென்றே கட்டவில்லை என்பதற்குக் குறைந்தபட்ச நிரூபணமாவது இல்லாவிட்டால், 21ஆவது கூறை அப்பட்டமாக மீறுவது என்றார்.

முடிவில் வாரண்ட் ரத்தானது. ஆனால் கடனாளிகள் முழு விடுதலையோடு வீடு திரும்பவில்லை. இன்றைய வசதி என்ன, இன்றைய நெருக்கடிகள் என்ன, இடையில் ஏமாற்றினார்களா என்று புதிதாக விசாரிக்கச் சொல்லி வழக்கு நிறைவேற்று நீதிமன்றத்துக்கே திரும்பியது. 51ஆவது பிரிவை அடித்துப் போட்டிருக்க வேண்டும் என்று நினைப்பவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை. சம்பாத்தியம் முழுவதையும் ஒருவரை நம்பிக் கொடுத்துவிட்டு, வருடக்கணக்கில் கோர்ட்டுக்கு நடந்து டிக்ரி வாங்கிய ஓய்வுபெற்ற ஆசிரியையும் கடன் கொடுத்தவர்தான். எதிராளி வீட்டைத் தம்பி பெயருக்கு எழுதிவைத்துவிட்டுச் சிரித்துக்கொண்டு நிற்கும்போது, அவருக்குச் சட்டத்தில் ஒரு பிடி வேண்டும். தீர்ப்பு அந்தப் பிடியை விட்டுவைத்தது, தவறான கழுத்தில் அது விழாமல் பார்த்துக்கொண்டது.

நிறைவேற்று நீதிமன்றத்தில் அது எப்படி இருக்கிறது

இப்போது அந்தக் காகிதத்தைக் கிட்டப்போய்ப் பார்க்கலாம். உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 21ஆவது கட்டளையின் 37ஆவது விதிப்படி, கடனாளிக்கு முதலில் வர வேண்டியது வாரண்ட் அல்ல, நோட்டீஸ். நிறைவேற்று மனு எண், டிக்ரித் தொகை, வாய்தா தேதி, அப்புறம் ஒரு வரி: உங்களை ஏன் சிவில் சிறைக்கு அனுப்பக் கூடாது என்பதற்குக் காரணம் காட்டவும். நீதிமன்ற ஊழியரான அமீனா கொண்டுவந்து கொடுக்கும் இந்தத் தாளைப் பார்த்ததும் "சிறை" என்ற சொல் மட்டும்தான் கண்ணில் படும். பலர் அன்றே தலைமறைவாகிறார்கள். சிலர் வாங்கவே மறுக்கிறார்கள். பயத்தில் செய்வதுதான், குறை சொல்ல மனம் வரவில்லை.

ஆனால் இந்த வழக்கு வாங்கித் தந்த பாதுகாப்பு முழுவதும் அந்த ஒரு வரிக்குள்தான் இருக்கிறது. காரணம் காட்டுவதற்கான வாய்ப்பு அது. வாய்தாவன்று ஆள் வராவிட்டால் நீதிமன்றம் வாரண்ட் அனுப்பலாம். ஓடிப் போகக்கூடியவர் என்று நீதிமன்றம் நம்பினால் நோட்டீஸ் இல்லாமலே வாரண்ட் அனுப்பவும் விதி இடம் தருகிறது. தலைமறைவாகிறவர், எதிர்த்தரப்பு நிரூபிக்க வேண்டியதைத் தானே நிரூபித்துக் கொடுத்துவிடுகிறார்.

வந்து நின்றால் நிலைமை வேறு. 40ஆவது விதியில் விசாரணை நடக்க வேண்டும். முதலில் சாட்சி சொல்ல வேண்டியவர் டிக்ரி வாங்கியவர். கடனாளிக்கு வசதி இருக்கிறது என்று காட்ட வேண்டிய சுமை அவருடையது. குறுக்கு விசாரணையில் கேட்க வேண்டிய கேள்விகளும் எளியவை. இவருக்கு இன்று மாத வருமானம் எவ்வளவு? அது உங்களுக்கு எப்படித் தெரியும்? எந்த ஆவணம்? நல்ல வீட்டில் இருக்கிறார் என்கிறீர்களே, வீடு யார் பெயரில்? இவற்றுக்கு "எனக்குத் தெரியாது" என்ற பதில்கள் வந்தால், வசதியை நிரூபிக்கத் தவறிவிட்டார் என்று பொருள். வசதியைக் கணக்கிடும்போது சட்டம் ஜப்தியிலிருந்து விலக்கியவற்றைச் சேர்க்கவும் கூடாது. சமையல் பாத்திரம், படுக்கை, தொழிலாளியின் கருவி, விவசாயியின் ஏர்க்கருவி, வருங்கால வைப்புநிதி எல்லாம் 60ஆவது பிரிவின் விலக்கில் இருக்கின்றன.

வருந்தத்தக்க விஷயம், இந்த விசாரணை பல இடங்களில் சடங்காகிவிட்டது. "கடனாளி வசதியுள்ளவர் என்று திருப்தி ஏற்படுகிறது" என்ற ஒற்றை வரியோடு வாரண்ட் போகிறது. 1979இல் நடந்தது அதுதானே. அத்தகைய உத்தரவை மேல் நீதிமன்றத்தில் எதிர்க்கும்போது இந்தத் தீர்ப்பு இன்னும் கூராகவே இருக்கிறது.

மற்ற காப்புகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். டிக்ரித் தொகை 2,000 ரூபாயைத் தாண்டாவிட்டால் சிறை கிடையாது. 5,000 வரை ஆறு வாரத்துக்கு மேல் வைக்க முடியாது, அதற்கு மேல் எத்தனை கோடியானாலும் மூன்று மாதம்தான் உச்சம். சிறையில் இருக்கும் நாட்களுக்கான சாப்பாட்டுப் படியைக் கடன் கொடுத்தவரே கட்ட வேண்டும், அவர் நிறுத்தினால் கடனாளி வெளியே வருவார். சூரியன் மறைந்த பின்னும் உதிக்கும் முன்னும் கைதுக்காக வீட்டுக்குள் நுழைய முடியாது. வெளியே வந்தவரை அதே டிக்ரிக்காக மறுபடி பிடிக்கவும் முடியாது. கடன் மட்டும் அப்படியே நிற்கும்.

பெண்களுக்கு 56ஆவது பிரிவு. பண டிக்ரிக்காக ஒரு பெண்ணைக் கைது செய்யவே கூடாது. வசதி இருக்கிறதா இல்லையா என்ற கேள்விக்கே அங்கே இடமில்லை. குழுக் கடன் வாங்கிய பெண்ணின் வாசலில் நின்றுகொண்டு, "நாளைக்குக் கட்டாவிட்டால் ஜெயில்தான்" என்று சொல்லும் வசூல்காரர் சொல்வது பச்சைப் பொய். இதை உரக்கச் சொல்ல வேண்டும். அந்தப் பொய்யை நம்பி உயிரை விட்டவர்கள் இருக்கிறார்கள்.

பின்வாசல்

இந்தத் தீர்ப்பு எட்டாத இடமும் உண்டு. 1989 ஏப்ரல் 1 முதல், காசோலை திரும்புவது குற்றம் ஆனது. மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆவது பிரிவில் இரண்டு வருடம்வரை சிறை, அல்லது காசோலைத் தொகையைப்போல் இரண்டு மடங்குவரை அபராதம், அல்லது இரண்டும். இது கிரிமினல் வழக்கு. 51ஆவது பிரிவின் வரம்புரை இங்கே வராது, பெண் என்ற விலக்கும் வராது.

கடன் கொடுக்கும்போதே தொகை எழுதாத காசோலைகளில் கையெழுத்து வாங்கி வைத்துக்கொள்ளும் பழக்கம் ஏன் இவ்வளவு பரவியது என்பதற்கு விளக்கம் இதில் இருக்கிறது. தொகை எழுதாமல் கையெழுத்து மட்டும் போட்டுக் கொடுத்தாலும், கடனுக்காகத்தான் கொடுத்தார் என்ற அனுமானம் பொருந்தும் என்று 2019இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதை மறுத்துக் காட்டலாம், ஆனால் சுமை கடனாளியின் தோளில். 1980இல் முன்வாசலில் வைத்த காவல் இங்கே இல்லை. இயலாதவரையும் ஏய்ப்பவரையும் பிரித்துப் பார் என்று சொன்ன நீதி, ஒரு காசோலைத் தாளால் சுற்றி வளைக்கப்படுகிறது என்பதே என் கருத்து. நோட்டீஸ் கையில் கிடைத்த 15 நாளுக்குள் பணம் கட்டினால் இந்தக் குற்றம் நிலைக்காது. இயலாதவருக்கு அந்த 15 நாளால் என்ன பயன்?

ஜீவனாம்சமும் வேறு கணக்கு. அது ஒப்பந்தக் கடன் அல்ல, தராவிட்டால் சிறை உண்டு, இருக்கவும் வேண்டும். மோசடி வழக்கு என்றால், கடன் வாங்கும் அன்றே ஏமாற்றும் எண்ணம் இருந்ததைக் காட்ட வேண்டும். வாங்கிய பிறகு கட்ட முடியாமல் போனது மோசடி ஆகாது. ஆகவே, சாதாரணக் கடன் பாக்கிக்காகக் காவல் நிலையத்திலிருந்து அழைப்பு வந்தால், என்ன புகார், எந்தப் பிரிவு என்று கேட்பதில் தவறே இல்லை. வங்கிகளின் வசூல் முகவர்கள் காலை 8 மணிக்கு முன்போ இரவு 7 மணிக்குப் பின்போ தொலைபேசியில் அழைக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2022இல் சொல்லியிருக்கிறது.

திவால் மனு என்ற வழியும் இருக்கிறது. நம் ஊரில் மஞ்சள் நோட்டீஸ் என்றால் ஏமாற்றுக்காரர் கொடுப்பது என்ற பெயர் விழுந்துவிட்டது. உண்மையில் டிக்ரிக்காகக் கைதாகி வருபவரிடம், திவாலுக்கு மனுச் செய்யலாம் என்று சொல்ல வேண்டிய கடமையைச் சட்டம் நீதிமன்றத்தின்மேல் வைத்திருக்கிறது. இயலாமையை நேர்மையாக ஒப்புக்கொள்ள வைத்திருக்கும் வழி அது.

37ஆவது விதி நோட்டீஸ் கையில் இருப்பவருக்கு ஒரு வார்த்தை. வாய்தா தேதிக்குப் போகும்போது சம்பளச் சீட்டு, வங்கிக் கணக்குப் புத்தகம், மருத்துவமனை ரசீதுகள், பிள்ளைகளின் கட்டணச் சீட்டு, மற்றக் கடன்களின் நோட்டீஸ்கள் எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டு எடுத்துச் செல்லுங்கள். வழக்கறிஞர் இல்லாவிட்டாலும் போங்கள். உங்கள் மனு எண்ணைக் கூப்பிட்டதும் எழுந்து நின்று, "ஐயா, கட்ட மாட்டேன் என்று சொல்லவில்லை, இப்போது என்னால் முடியவில்லை, விசாரிக்க வேண்டும்" என்று சொல்லுங்கள். அந்தப் பையில் இருப்பதைப் பார்க்காமல் உங்களைச் சிறைக்கு அனுப்ப நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை.